தந்தி மாண்டது, தந்திச் சட்டம் வாழ்கிறது!

2013-ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் இந்திய நாட்டில் தந்தி மாண்டது. பிறப்புச் செய்தியும் இறப்புச் செய்தியும் சுமந்து ஒன்றரை நூற்றாண்டுக்கு மேல் ஊர் ஊராக ஓடிய அந்தச் சேவைக்கு, மக்கள் தந்தி அலுவலகங்களில் வரிசையில் நின்று கடைசித் தந்தி அனுப்பி விடைகொடுத்தனர். ஏடுகள் இரங்கலுரை தீட்டின. தந்தி மறைந்தது, ஆனால் தந்திக்கென்று வெள்ளையன் இயற்றிய சட்டம் மறையவில்லை. தந்திச் சேவகன் மிதிவண்டியில் வந்த அதே பாதையில் இன்று அந்தச் சட்டம் வருகிறது. அளவைக் கருவியோடு வருகிறது. காவல்துறை வண்டியோடு வருகிறது. உழவனின் வரப்பை மிதித்துக்கொண்டு, அவன் வயலின் நடுவே உயர் மின்னழுத்தக் கோபுரம் நட வருகிறது!

தந்திக்கும் மின்கோபுரத்துக்கும் என்ன உறவு என்று தோழர்கள் கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். அதற்குரிய விடையில்தான் இந்த அநீதியின் ஆணிவேர் கிடக்கிறது.

வெள்ளையன் வார்த்த விலங்கு

இந்தியத் தந்திச் சட்டம் பிறந்தது 1885-இல். காங்கிரஸ் மகாசபை பம்பாயில் கூடியதே அந்த ஆண்டின் இறுதியில்தான். டார்ஜிலிங்கில் இந்தியாவின் முதல் நீர்மின் நிலையம் இயங்கத் தொடங்கியதோ அதற்கும் 12 ஆண்டுகள் கழித்து, 1897-இல். 1857 எழுச்சியை ஒடுக்குவதற்குத் தந்தி எவ்வளவு பயன்பட்டது என்பதை நன்கறிந்தவர் ஆங்கிலேயர். எனவே, தம் கம்பி செல்லும் வழியில் எந்தக் குடியானவனும் குறுக்கே நிற்கக் கூடாதென்று சட்டம் செய்தனர்.

அச்சட்டத்தின் 10-ஆவது பிரிவு சொல்வது என்ன? எவருடைய நிலத்திலும், நிலத்தின் மேலும் கீழும், தந்தி அதிகாரி கம்பி இழுக்கலாம், கம்பம் நடலாம். அரசுக்குக் கிடைப்பது பயன்படுத்தும் உரிமை மட்டுமே. இயன்றவரை குறைந்த சேதமே செய்ய வேண்டும். சேதத்துக்கு முழு இழப்பீடு தரவேண்டும். 16-ஆவது பிரிவு சொல்வது என்ன? நிலத்துக்காரன் தடுத்தால், மாவட்ட நீதிபரிபாலன அதிகாரி, அதாவது நம் ஊர் மொழியில் கலெக்டர், அனுமதி ஆணை பிறப்பிக்கலாம். அதற்குப் பிறகும் தடுத்தால் குற்றம், வழக்கு, தண்டனை. இழப்பீடு போதவில்லை என்ற குறை இருந்தால் மட்டும் மாவட்ட நீதிபதியிடம் மனுச் செய்துகொள்ளலாம். அவர் சொல்வதே முடிவு என்கிறது அச்சட்டம்.

விரல் பருமன்கூட இல்லாத தந்திக் கம்பிக்காக, வரப்போரம் நடப்பட்ட ஒற்றைக் கம்பத்துக்காகச் செய்யப்பட்ட ஏற்பாடு இது. மின்சாரம் வந்தது, ஆட்சியாளர்கள் புதிய நெறி வகுத்தார்களா? இல்லை. 1910-ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 51-ஆவது பிரிவு தந்தி அதிகாரியின் அதிகாரத்தை மின் நிறுவனத்துக்கும் வழங்க வழி திறந்தது. நாடு விடுதலை பெற்றது. 1948-ஆம் ஆண்டு மின் வழங்கல் சட்டத்தின் 42-ஆவது பிரிவு அதே அதிகாரத்தை மின்வாரியங்களுக்கு அளித்தது. 2003-ஆம் ஆண்டு மின்சாரச் சட்டம் வந்தது. அதன் 164-ஆவது பிரிவில் அதே தந்தி அதிகாரம் மீண்டும் குடியேறியது. வெள்ளைக்காரன் போனான், கொடி மாறியது. உழவன் காலில் மாட்டிய விலங்கு மட்டும் கைமாறிக் கைமாறி வந்துகொண்டே இருக்கிறது.

இந்த வரலாற்றின் உச்சத்தைக் கேளுங்கள். 2023 டிசம்பரில் பாராளுமன்றம் புதிய தொலைத்தொடர்புச் சட்டத்தை நிறைவேற்றியது. எதிர்க்கட்சி உறுப்பினர்கள் 100-க்கும் மேற்பட்டோர் இடைநீக்கம் செய்யப்பட்டு அவைக்கு வெளியே நிறுத்தப்பட்டிருந்த நாட்கள் அவை. காலனிக் காலச் சட்டத்தை ஒழிக்கிறோம் என்று முரசறைந்தார்கள். 1885-ஆம் ஆண்டுச் சட்டத்தை நீக்குவதாக எழுதினார்கள். எழுதிய கை உடனே இன்னொரு வரியையும் எழுதிற்று: மின்சாரச் சட்டத்தின் 164-ஆவது பிரிவின்கீழ் மின்வழித்தடம் அமைப்பதற்கு மட்டும் பழைய தந்திச் சட்டத்தின் மூன்றாம் பாகம் தொடர்ந்து செல்லும்! அடிமைச் சின்னங்களை அகற்றுவதாக மார்தட்டுகிறவர்கள், அந்தச் சட்டம் முழுவதையும் குழிதோண்டிப் புதைக்க ஒப்பினார்கள். உழவன் நிலத்தில் நுழையும் அதிகாரத்தை மட்டும் தனியே வெட்டியெடுத்து உயிரோடு வைத்துக்கொண்டார்கள். மறந்து விட்டுப்போனது அன்று இது. தெரிந்தே தேர்ந்து காப்பாற்றியது.

பட்டா உனக்கு, பயன் எமக்கு

"நிலத்தை நாங்கள் எடுத்துக்கொள்ளவில்லையே, பட்டா உங்கள் பெயரில்தானே இருக்கிறது?" என்று அதிகாரிகள் தேன் தடவிப் பேசுகிறார்கள். அந்தத் தேனுக்குள்ளேதான் நஞ்சு இருக்கிறது. நிலத்தைக் கையகப்படுத்தினால் 2013-ஆம் ஆண்டு நிலமெடுப்புச் சட்டத்தின்படி இழப்பீடு தரவேண்டும். மறுவாழ்வுக்கு வழி சொல்ல வேண்டும். கையகப்படுத்தவில்லை, பயன்படுத்தும் உரிமையை மட்டுமே எடுத்துக்கொள்கிறோம் என்று சொல்லிவிட்டால் அந்தத் தொல்லை எதுவுமில்லை. பட்டா உழவனிடம் இருக்கும்; வரியை அவன் கட்டுவான்; கம்பியின் கீழே காவல் காப்பான். பயன் மட்டும் வேறொருவருக்கு.

அளவைப் பார்ப்போம். 110 கிலோவோல்ட் பாதைக்கு 22 மீட்டர் அகலம் வேண்டும். 400 கிலோவோல்ட் பாதைக்கு 46 மீட்டர். 800 கிலோவோல்ட் நேர்மின் பாதைக்கு 69 மீட்டர். சதுரமான மூன்று ஏக்கர் நிலத்தின் ஒரு பக்கம் ஏறத்தாழ 110 மீட்டர். அந்த நிலத்தின் நடுவே 800 கிலோவோல்ட் பாதை சென்றால், ஏறக்குறைய 1.9 ஏக்கர் கம்பியின் ஆதிக்கத்துக்குள் போய்விடுகிறது. மூன்று ஏக்கர்க்காரனிடம் மிஞ்சுவது, இரண்டு ஓரங்களில் இரண்டு துண்டு!

அந்த 1.9 ஏக்கரில் வீடு கட்டலாகாது. தென்னை வைக்கலாகாது, வைத்த தென்னை வெட்டப்படும். ஆழ்துளைக் கிணறு தோண்டும் வண்டி தன் கோபுரத்தைத் தூக்கி நிறுத்தலாகாது. மகள் திருமணத்துக்கு விற்கப் போனால் வாங்க வந்தவன் முதலில் அண்ணாந்து வானத்தைப் பார்க்கிறான். பிறகு விலை பேசுகிறான். உயர் அழுத்த மாறுமின்சாரக் கம்பியின் கீழே வெறுங்கையில் குழல்விளக்கைப் பிடித்தால், இணைப்பு ஏதுமின்றி அது மினுங்கும். அந்த ஒளியின் கீழேதான் நாள் முழுதும் களையெடுக்கச் சொல்கிறார்கள் நம் பெண்களை.

இதற்கு விலை என்ன? 2015 வரை பெரும்பாலும் வெட்டிய மரத்துக்கும் மிதிபட்ட பயிருக்கும் மட்டுமே பணம். அந்த ஆண்டு அக்டோபரில் மத்திய மின் அமைச்சகம் வழிகாட்டு நெறி ஒன்றை வெளியிட்டது: கோபுரத்தின் அடிநிலத்துக்கு நில மதிப்பில் 85 விழுக்காடு, கம்பி செல்லும் வழிக்கு மிகுதியாகப் போனால் 15 விழுக்காடு. போராட்டம் எழுந்தது, வழக்குகள் பெருகின, பாதைகள் தடைப்பட்டன. 2024 ஜூனில் அது திருத்தப்பட்டது: அடிநிலத்துக்கு 200 விழுக்காடு, வழிக்கு 30 விழுக்காடு. இரங்கி வந்தவை அல்ல இந்த எண்கள். போராடியவர்கள் இறங்க வைத்தவை. ஆயினும் வழிகாட்டு நெறி சட்டமாகாது. மாநிலங்கள் ஏற்றால் உண்டு, ஏற்காவிட்டால் இல்லை.

2025 மார்ச்சில் இன்னொரு திருத்தம் வந்தது. மாநகராட்சிப் பகுதியில் கம்பி சென்றால் நில மதிப்பில் 60 விழுக்காடு. நகராட்சிப் பகுதியில் 45. ஊர்ப்புறத்தில் அதே 30! கம்பி ஒன்றுதான், மின்னழுத்தம் ஒன்றுதான், கீழே நிற்கும் மனிதனுக்கு ஏற்படும் இடரும் ஒன்றுதான். மதிப்புக் குறைந்த நிலத்துக்கு விழுக்காடும் குறைவு. பட்டணத்தானுக்கு அறுபது, பட்டிக்காட்டானுக்கு முப்பது என்பது எந்த மனுநீதி?

நீதிமன்றத்தில் நிகழ்வது யாது?

"குறை இருந்தால் நீதிமன்றம் செல்லலாமே" என்பார்கள். செல்கிறார்கள், ஏறாத படியெல்லாம் ஏறுகிறார்கள். அங்கே நிகழ்வதைத் தோழர்கள் அறிந்திருக்க வேண்டும்.

2006-ஆம் ஆண்டு விதிகள் ஒன்றைச் சொல்கின்றன: மின் உரிமதாரர் ஒருவர் நிலத்தில் வேலை தொடங்குமுன் நில உரிமையாளரின் இசைவைப் பெறவேண்டும். படித்தவுடன் உள்ளம் குளிர்கிறது. ஆனால் அதே விதியின் கடைசியில், 164-ஆவது பிரிவின்படி தந்தி அதிகாரம் பெற்றவர்களை இது கட்டுப்படுத்தாது என்று ஒரு வரி ஒட்டிக்கொண்டிருக்கிறது. முன்கதவைச் சாத்திவிட்டுப் பின்சுவரை இடித்துவைத்த கதை இது! செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் நிறுவனத்துக்கும் பவர் கிரிட் நிறுவனத்துக்கும் நடந்த வழக்கில், 2016 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது: 164-ஆவது பிரிவின் அதிகாரம் பெற்ற நிறுவனத்துக்கு நிலத்துக்காரரின் இசைவு தேவையில்லை. பெரு முதலாளியின் இசைவே தேவையில்லை என்றால், மூன்று ஏக்கர் மாரப்பனின் இசைவை யார் கேட்கப்போகிறார்கள்?

எனவே, "என் நிலத்தின் வழியே ஏன் வருகிறாய்? புறம்போக்கு வழியே ஏன் போகவில்லை? மில் முதலாளியின் தோட்டத்தருகே வந்த பாதை ஏன் என் பக்கம் வளைந்தது?" என்ற உயிர்க் கேள்விகளுக்கு வாசல் அநேகமாக அடைபட்டுவிடுகிறது. எஞ்சுவது, "எவ்வளவு தருவாய்?" என்ற கேள்வி மட்டுமே.

அந்தக் கேள்விக்காவது நேர்வழி உண்டா? கேரள மின்வாரியம் தொடர்பான லிவிஷா வழக்கில் 2007-இல் உச்ச நீதிமன்றம் நியாயமான ஒரு கருத்தைச் சொன்னது. நிலம் எங்கே இருக்கிறது, கம்பி எவ்வளவு தூரம் செல்கிறது, எந்த இடத்தை ஊடறுக்கிறது என்பனவற்றைப் பார்க்கவேண்டும். நிலத்துக்காரர் தம் நிலத்தைப் பயன்படுத்தும் உரிமையில் பெரும்பகுதியை இழக்கக்கூடும். நிலத்தின் மதிப்பும் குறையக்கூடும் என்றது. அதாவது, இழப்பு மரத்தோடு முடிவதில்லை என்று நாட்டின் தலைமை நீதிமன்றமே ஏற்றுக்கொண்டது. ஆனால் அந்த நியாயத்தைப் பெற ஒவ்வொரு உழவனும் தனித்தனியே மாவட்ட நீதிபதியிடம் மனுப் போடவேண்டும், வழக்கறிஞர் வைக்கவேண்டும், ஆண்டுக்கணக்கில் காத்திருக்கவேண்டும். கம்பியோ காத்திருப்பதில்லை! மின்சாரம் அன்றே பாயத் தொடங்கிவிடுகிறது. காசு மட்டும் வாய்தா வாங்கிக்கொண்டிருக்கிறது. மாவட்ட நீதிபதியின் முடிவில் பிழையிருந்தால், மேல்முறையீடு என்ற சாதாரண உரிமையைக்கூட அந்தச் சட்டம் தரவில்லை.

கேரளத்தில் மண்ணுக்குள், இங்கே தலைக்குமேல்

சத்தீஸ்கரின் ராய்கரிலிருந்து தமிழ்நாட்டின் புகளூர் வரை 800 கிலோவோல்ட் நேர்மின் பாதையைப் பவர் கிரிட் நிறுவனம் அமைத்தது. 6,000 மெகாவாட் சுமக்கும் பாதை. புகளூரிலிருந்து திருச்சூர் வரை 320 கிலோவோல்ட் பாதையில் 2,000 மெகாவாட் செல்கிறது. அது 2021 பிப்ரவரியில் தொடங்கிவைக்கப்பட்டது. இந்தப் பாதைகளுக்காகவும் பிற உயரழுத்தப் பாதைகளுக்காகவும் கொங்கு மாவட்டங்களின் தோட்டங்களில் கோபுரங்கள் எழுந்தன. 2018 டிசம்பரில் உழவர்கள் பந்தலிட்டு அமர்ந்தார்கள், உண்ணாநோன்பிருந்தார்கள். அவர்கள் கேட்டது மிக எளியது: சாலையோரமாக மண்ணுக்குள் வடம் பதித்துக் கொண்டுசெல்லுங்கள் என்றார்கள். இயலாது, செலவு மிகும், தொழில்நுட்பம் இடந்தராது என்று விடை வந்தது.

அதே திருச்சூர்ப் பாதை கேரளத்துக்குள் நுழைந்ததும் என்ன ஆயிற்று? வடக்கஞ்சேரியிலிருந்து திருச்சூர் வரை 25 கிலோமீட்டருக்கும் மேலான தூரம் சாலையை ஒட்டி மண்ணுக்குள் இறங்கிவிட்டது! நிறுவனம் ஒன்று, பாதை ஒன்று, மின்சாரம் ஒன்று. எல்லைக்கு அந்தப்பக்கம் இயன்றது இந்தப்பக்கம் இயலாமற் போனது ஏன்? கேரள மக்கள் பெற்றதை எண்ணி நமக்குப் பொறாமை இல்லை, மகிழ்ச்சியே. அவர்கள் பெற்றதை நாமும் பெறலாம் என்பதே நாம் கற்கும் பாடம்.

உண்மையை மறைத்து வாதாடுவது நம் வழக்கமன்று. 800 கிலோவோல்ட் பாதையை 320 கிலோவோல்ட் பாதைபோல் எளிதில் புதைத்துவிட முடியாது. புதைவடத்தின் செலவும் மிகுதி. ஒப்புக்கொள்வோம். புதைக்க முடிந்ததைப் புதையுங்கள். முடியாததைப் புறம்போக்கு வழியாக, சாலை வழியாக, நிலங்களின் எல்லை வழியாகக் கொண்டுசெல்லுங்கள். அதுவும் இயலாத இடத்தில் உழவனுக்கு முழு விலை கொடுங்கள். இந்த வரிசைப்படி சிந்திக்க எந்தப் பொறியியல் தடுக்கிறது? தடுப்பது பொறியியல் அன்று. ஓசியில் கிடைக்கும் வானம் இருக்கையில், காசு கொடுத்து மண்ணைத் தோண்டுவானேன் என்ற கணக்குதான்!

முதலுக்கு ஆண்டுதோறும் வருவாய்; மண்ணுக்கு?

அந்தக் கணக்கையும் பார்த்துவிடுவோம். மத்திய மின்சார ஒழுங்குமுறை ஆணையம் கட்டணம் நிர்ணயிக்கும் மின்வழித்தடங்களில், நிறுவனம் போட்ட பங்கு முதலுக்கு ஆண்டுதோறும் 15 விழுக்காட்டை ஒட்டிய வருவாய் உறுதி செய்யப்படுகிறது. கோபுரத்தின் இரும்புக்கு வருவாய் உண்டு. கம்பியின் அலுமினியத்துக்கு வருவாய் உண்டு. அந்த இரும்பைத் தாங்கி நிற்கும் மண்ணுக்கு? ஒருமுறை கொடுத்த காசோடு சரி! மண்ணும் முதல்தான். அதைப் போட்டவன் உழவன். அவன் ஒருவனுக்கு மட்டும் பங்காதாயம் இல்லை என்பது எந்தப் பொருளாதாரம்?

வீட்டு மாடியில் செல்பேசிக் கோபுரம் நட வருகிறவன் வாடகை பேசுகிறான், ஒப்பந்தம் எழுதுகிறான், பிடிக்காவிட்டால் போய்விடுகிறான். தோட்டத்தில் மின்கோபுரம் நட வருகிறவன் கலெக்டர் ஆணையோடும் காவலரோடும் வருகிறான். வாடகை கேட்டால் வளர்ச்சிக்குப் பகைவன் என்கிறார்கள்.

கொங்கு உழவனைப் பார்த்தா மின்சாரத்தின் பகைவன் என்பது? கிணற்று நீரை நம்பி வாழும் மண் அது. 1970-இல் பெருமாநல்லூரில், மின்கட்டண உயர்வை எதிர்த்துத் திரண்ட உழவர்கள் துப்பாக்கிக் குண்டுக்கு இரையானார்கள். மின்சாரத்துக்காக உயிரையே கொடுத்தவனுக்கு மின்சாரத்தின் அருமையைப் பாடம் நடத்த எவருக்கும் தகுதியில்லை. ஆலைக்கும் அங்காடிக்கும் அடுக்குமாடிக்கும் மின்சாரம் போகட்டும். அதற்கான விலையில் ஒரு பகுதியை உழவன் ஒருவனே சுமக்கவேண்டும் என்பதைத்தான் நாம் மறுக்கிறோம்.

இன்னொன்றும் உண்டு. அரசியல் சட்டத்தின்படி நிலம் மாநிலப் பட்டியலில் இருக்கிறது; மின்சாரம் பொதுப்பட்டியலில் இருக்கிறது; தந்தி மத்தியப் பட்டியலில் இருக்கிறது. மின்கம்பி தந்தி வேடம் பூண்டு வருவதால், நம் நிலத்தில் எது எவ்வழி செல்லலாம் என்பதைத் தில்லியில் வகுத்த சட்டம் தீர்மானிக்கிறது. நம் மாநிலத்தின் கலெக்டர் அதற்குக் கையொப்பம் இடுகிறார். மாநில அரசும் கைகழுவித் தப்ப முடியாது. மாநில மின்தொடரமைப்புக் கழகம் பாதை போடும்போதும் இதே பிரிவுகளையே துணைக்கு அழைக்கிறார்கள். தில்லியைக் கண்டிக்கும் வாய், கோட்டையையும் கேள்வி கேட்கவேண்டும்.

நாம் கேட்பதும், நாம் செய்வதும்

நம் கோரிக்கைகள் தெளிவானவை. 164-ஆவது பிரிவிலிருந்து தந்தி அதிகாரம் அகற்றப்படவேண்டும். மின்வழித்தடத்துக்கென்று தனிச் சட்டம் வேண்டும். வழித்தடத்தை முடிவுசெய்யுமுன் ஊருக்கு வந்து, தமிழில் அறிவித்து, மாற்று வழிகளைக் காட்டி, மறுப்புகளைக் கேட்டு, காரணத்தோடு ஆணையிடவேண்டும். கோபுர நிலத்துக்கும் கம்பியின் வழிக்கும் முழு மதிப்பு, அதற்குமேல் ஆண்டு வாடகை, இரண்டும் சட்ட உரிமையாக வேண்டும். பணம் முதலில்; கோபுரம் பிறகு. குத்தகைதாரருக்கும் பங்கு வேண்டும். 1885-ஆம் ஆண்டுச் சட்டமே "தொடர்புடைய அனைவருக்கும்" இழப்பீடு என்றுதான் சொல்கிறது! மாவட்ட நீதிபதியின் முடிவுக்கு மேல்முறையீடு வேண்டும்.

சட்டம் மாறும்வரை கைகட்டி நிற்கலாமா? கூடாது. அளவை செய்ய ஆட்கள் வந்த அன்றே கிளைத் தோழர்கள் அங்கே இருக்கவேண்டும். எந்த ஆணையின்படி வந்தீர்கள் என்று கேட்டு நகல் பெறவேண்டும். மறுப்பை எழுத்தில் கொடுத்து ஒப்புகை வாங்கவேண்டும். கலெக்டரின் விசாரணைக்கு ஒருவரும் தனியே போகலாகாது, ஊரே போகவேண்டும். வெற்றுத் தாளில் கையொப்பம் வைக்காதீர் என்று வீடு வீடாகச் சொல்லவேண்டும். காசோலை தந்தால், "ஆட்சேபத்துடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று எழுதி வாங்கச் சொல்லவேண்டும். வெட்டுமுன் ஒவ்வொரு தென்னையையும் எண்ணி, படமெடுத்து, அடங்கல் நகலோடு வைக்கவேண்டும். நூறு பேர் தனித்தனியே போடும் மனுவை, நூறு பேரும் சேர்ந்து ஒரே நாளில் போடவேண்டும். கிராம சபையில் தீர்மானம் இயற்றவேண்டும்.

"உழுதவன் கணக்குப் பார்த்தால் உழக்கும் மிஞ்சாது" என்பது பழமொழி. உழவன் கணக்குப் பார்க்கமாட்டான் என்ற துணிவில்தான் 1885-இலிருந்து இன்றுவரை அவன் தலைக்குமேல் கம்பி இழுக்கிறார்கள். இனி அவன் கணக்குப் பார்க்கவேண்டும். வரப்பிலிருந்து வரப்புக்கு, மீட்டர் மீட்டராக, ஆண்டு ஆண்டாகப் பார்க்கவேண்டும். அவனோடு அமர்ந்து அந்தக் கணக்கை எழுதிக்கொடுப்பது நம் கட்சிக் கிளை ஒவ்வொன்றின் கடமை.

2015-இல் 15 என்றவர்கள் 2024-இல் 30 என்றார்கள். முப்பதை நூறாக்கும் வலிமையும், தந்தி மாண்ட நாட்டில் தந்திச் சட்டத்தையும் மாளச் செய்யும் வலிமையும் திரண்ட மக்களிடம் உண்டு. திரட்டும் வேலையை இன்றே தொடங்குவோம், தோழர்களே!